விகிதமும் நேர் மாறலும்: வாக்கியக் கணக்குகளில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாலை நேரத்தில் ஏழாம் வகுப்புப் பிள்ளைகளுக்கும், டிஎன்பிஎஸ்சி தொகுதி 4 தேர்வுக்குப் படிக்கிறவர்களுக்கும் கணக்குச் சொல்லிக்கொடுக்கிறேன். வயதில் பத்துப் பன்னிரண்டு ஆண்டு வித்தியாசம் இருந்தாலும் இரண்டு தரப்பும் ஒரே இடத்தில்தான் வழுக்கி விழுகிறது. பெருக்கவும் வகுக்கவும் எல்லோருக்கும் வருகிறது. எதை எதால் பெருக்குவது, பெருக்கவே கூடாத இடம் எது என்பதில்தான் குழப்பம். அவர்கள் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகளையும் நான் சொல்லிவரும் பதில்களையும் இங்கே தொகுத்திருக்கிறேன்.

விகிதம், வீதம், விகித சமம், நேர் மாறல் எல்லாம் ஒன்றுதானா?

உறவுக்காரர்கள்தான், ஆனால் ஒரே ஆள் இல்லை. ஒரே அலகில் உள்ள இரண்டு அளவுகளை ஒப்பிட்டால் அது விகிதம். 4 டம்ளர் அரிசிக்கு 1 டம்ளர் உளுந்து என்றால் 4:1, இங்கே டம்ளர் அடிபட்டுப் போய்விடும். வெவ்வேறு அலகுகளை ஒப்பிட்டால் அது வீதம். மணிக்கு 45 கிலோமீட்டர், கிலோ 60 ரூபாய் என்பவை வீதங்கள், இவற்றில் அலகு ஒட்டிக்கொண்டே வரும். இரண்டு விகிதங்கள் சமம் என்று எழுதினால் அது விகித சமம். 4:1 = 8:2 என்பது போல. தேர்வுப் பாடத்திட்டத்தில் இதை விகிதாச்சாரம் என்பார்கள். ஓர் அளவு மாறும்போது இன்னோர் அளவும் அதே மடங்கில் மாறி, இரண்டையும் வகுத்தால் எப்போதும் ஒரே எண் வந்துகொண்டிருந்தால் அது நேர் மாறல். அந்த மாறாத எண்ணுக்கு மாறிலி என்று பெயர்.

‘நேர் மாறல்’, ‘நேர்மாறு’ இரண்டும் ஒன்றா? என் மகள் புத்தகத்தில் ஒன்று, இலங்கைப் புத்தகத்தில் வேறொன்று இருக்கிறதே?

நியாயமான குழப்பம்தான். தமிழ்நாட்டுப் பாடநூல்களில் நேர் விகிதம், நேர் மாறல், நேர் மாறுபாடு என்றெல்லாம் வருவது ஒன்று கூடினால் மற்றதும் கூடும் வகை. ‘நேர்மாறு’ என்று சேர்த்து எழுதினால் தலைகீழ் என்று பொருள். இலங்கைப் பாடநூல்களில் முதல் வகை ‘நேர் விகிதசமன்’, தலைகீழ் வகை ‘நேர்மாறு விகிதசமன்’. ஓர் இடைவெளியும் ஓர் எழுத்தும் பொருளையே புரட்டிப்போடுகின்றன. நம் கலைச்சொல் ஆக்கத்தில் எனக்குள்ள பல மனத்தாங்கல்களில் இதுவும் ஒன்று. நான் கரும்பலகையில் நேர், எதிர் என்று மட்டும்தான் எழுதுவேன்.

கணக்கைப் படித்ததும் இது நேர் மாறல்தான் என்று எப்படி முடிவுசெய்வது?

‘ஒன்று கூடினால் மற்றதும் கூடுகிறது, ஆகவே நேர் மாறல்’ என்று எழுதிவிட்டு அடுத்த வரிக்குப் போகிறவர்கள் அதிகம். அது போதாது. குழந்தைக்கு வயது கூடக்கூட உயரமும் கூடுகிறது. அதற்காக 5 வயதில் 105 செ.மீ. இருந்த பிள்ளை 20 வயதில் 420 செ.மீ. ஆகிவிடுவதில்லை.

இரண்டு கேள்வி கேட்டுப் பாருங்கள். ஒன்று இரட்டித்தால் மற்றது சரியாக இரட்டிக்குமா? ஒன்று பூச்சியமானால் மற்றதும் பூச்சியமாகுமா? இரண்டுக்கும் ‘ஆம்’ வந்த பிறகு பேனாவை எடுத்தால் போதும்.

ஆட்டோ கட்டணத்தைப் பாருங்கள். சென்னை ஆட்டோக்களுக்கு 2013இல் அரசு நிர்ணயித்த கட்டணம் முதல் 1.8 கி.மீ.க்கு 25 ரூபாய், அதன்பின் கி.மீ.க்கு 12 ரூபாய். (மீட்டர் போட்டார்களா என்பது வேறு கதை.) 1.8 கி.மீ.க்கு 25 ரூபாய் என்றால் இரட்டிப்புத் தூரமான 3.6 கி.மீ.க்கு 50 ரூபாய் வர வேண்டும் அல்லவா? மீட்டர் கணக்குப்படி 25 + (1.8 × 12) = 46.60 ரூபாய்தான் வருகிறது. தூரம் கூடக் கட்டணம் கூடுகிறது, ஆனால் நேர் மாறல் இல்லை. ஏறி உட்கார்ந்ததுமே 25 ரூபாய் விழுந்துவிடுகிறது பாருங்கள், அந்த ஆரம்பத் தொகைதான் கெடுக்கிறது. ஆரம்பத் தொகையைக் கழித்துவிட்டு, 1.8 கி.மீ.க்கு மேல் போன தூரத்தையும் அதற்கான கூடுதல் கட்டணத்தையும் மட்டும் எடுத்துக்கொண்டால் அது அச்சு அசலான நேர் மாறல், மாறிலி 12.

மின் கட்டணமும் அப்படித்தான். தமிழ்நாட்டு வீடுகளுக்கு 2016 முதல் இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் இலவசம், அதற்கு மேல் படிப்படியாக விலை ஏறும். யூனிட் இரட்டித்தால் பில் இரட்டிப்பதோடு நிற்பதில்லை, எங்கேயோ போய்விடும்.

பூக்காரம்மாவிடம் ஒரு முழம் மல்லிகை 30 ரூபாய், ‘நாலு முழம் எடுத்தா நூறு ரூவா குடும்மா’ என்கிறார். ஒரு முழத்துக்கு 30, நாலு முழத்துக்கு 25 வீதம். மாறிலி மாறிவிட்டது, ஆகவே நேர் மாறல் உடைந்துவிட்டது. மொத்தமாக வாங்கினால் தள்ளுபடி என்று எங்கே வந்தாலும் இதே கதை.

பள்ளிக் கணக்கில் தள்ளுபடி, ஆரம்பத் தொகை எதுவும் சொல்லியிருக்க மாட்டார்களே, என்ன செய்வது?

சொல்லாததை நாமாகச் சேர்க்கக் கூடாது. ‘3 பேனா 45 ரூபாய், 7 பேனா எவ்வளவு?’ என்றால் எல்லாப் பேனாவும் ஒரே விலை என்று எடுத்துக்கொண்டு 105 என்று எழுதிவிட்டுப் போகலாம். ‘இதே வீதத்தில்’, ‘சீரான வேகத்தில்’, ‘ஒரே அளவு வேலை செய்யும்’ என்ற சொற்கள் கேள்வியில் வந்தால் அவை அலங்காரத்துக்கு வந்தவை அல்ல. நேர் மாறலாக எடுத்துக்கொள்ள உங்களுக்குக் கொடுக்கும் அனுமதி. அதே சமயம் ‘ஒரு சட்டை கொடியில் காய 2 மணி நேரம், 5 சட்டை காய எவ்வளவு நேரம்?’ என்று குறும்பாகக் கேட்டால் 10 என்று எழுதிவிடாதீர்கள்.

சுருள்வில் கணக்கில் என் விடை எப்போதும் தப்பாகிறது. ஏன்?

பெரும்பாலும் நீங்கள் நீட்சிக்குப் பதிலாக நீளத்தை எடுத்திருப்பீர்கள். ராபர்ட் ஹூக் 1678இல் வெளியிட்ட விதி சொல்வது, தொங்கும் எடைக்கு ஏற்ப நீட்சி நேர் மாறலில் கூடும் என்பதுதான். 20 செ.மீ. நீளமுள்ள வில்லில் 200 கிராம் தொங்கவிட்டால் 25 செ.மீ. ஆகிறது; 320 கிராமுக்கு எவ்வளவு நீளம்? 25ஐ 1.6ஆல் பெருக்கி 40 என்று எழுதுகிறவர்கள் வகுப்பில் பாதிப்பேர். நீட்சி 5 செ.மீ., அதன் 1.6 மடங்கு 8 செ.மீ., ஆகவே நீளம் 28 செ.மீ. எடையே இல்லாதபோதும் வில்லுக்கு 20 செ.மீ. நீளம் இருக்கிறது என்பதைப் பூச்சியக் கேள்வி உடனே காட்டிக்கொடுத்திருக்கும். ஆட்டோவின் 25 ரூபாயும் வில்லின் 20 செ.மீ.யும் ஒரே வேலையைத்தான் செய்கின்றன. அளவுக்கு மீறி எடையேற்றினால் வில் இந்த விதிக்கும் கட்டுப்படாது, ஆனால் அது வேறு பாடம்.

ஓரலகு முறை, குறுக்குப் பெருக்கல், மாறிலி முறை. எதைப் பின்பற்றுவது?

மூன்றும் ஒரே வீட்டுக்குப் போகும் மூன்று தெருக்கள். 6 மீட்டர் துணி 510 ரூபாய், 10 மீட்டர் எவ்வளவு என்றால், ஓரலகு முறையில் ஒரு மீட்டர் 85, ஆகவே 850. மாறிலி முறையில் விலை = 85 × நீளம் என்று எழுதிவைத்துக்கொண்டால் அதன்பின் எந்த நீளம் கேட்டாலும் சொல்லலாம். குறுக்குப் பெருக்கலில் 510 × 10 ÷ 6.

கடைசியில் உள்ளது மிகப் பழைய சரக்கு. ஆரியபட்டர் கி.பி. 499இல் இதைத்தான் சூத்திரமாகச் சொன்னார். தெரிந்த அளவு பிரமாணம், அதற்குரிய பயன் பலம், நமக்கு வேண்டிய அளவு இச்சை. பலத்தை இச்சையால் பெருக்கிப் பிரமாணத்தால் வகு என்றார். தெரிந்த இராசி மூன்று என்பதால் திரைராசிகம் என்று அதற்குப் பெயர். பெயர்களைக் கவனியுங்கள். ‘இச்சை’ என்பது எதைக் கேட்கிறார்களோ அது. கேள்வியில் அதைக் கண்டுபிடித்து அடிக்கோடிடு என்று பிள்ளைகளிடம் சொன்னால் பாதி வேலை முடிந்துவிடும்.

சிறு வகுப்புப் பிள்ளைகளுக்கு ஓரலகு முறையைத்தான் முதலில் சொல்வேன். ‘ஒரு மீட்டர் 85 ரூபாய்’ என்பதற்கு ஒரு பொருள் இருக்கிறது, தப்பாக இருந்தால் காதுக்கே உறுத்தும். 510 × 10 = 5100 என்ற இடைநிலை எண்ணுக்கு என்ன பொருள் என்று கேட்டால் யாருக்கும் சொல்லத் தெரியாது. பொருள் தெரியாமல் குறுக்கே பெருக்கிப் பழகிய பிள்ளை ஆள், நாள் கணக்கிலும் அதே குறுக்குப் பெருக்கலைச் செய்யும். அங்கே மாட்டிக்கொள்ளும்.

4:1 என்றால் உளுந்து நான்கில் ஒரு பங்கா, ஐந்தில் ஒரு பங்கா?

எதோடு ஒப்பிடுகிறீர்கள் என்பதைப் பொறுத்தது. அரிசியோடு ஒப்பிட்டால் நான்கில் ஒன்று, மொத்தத்தோடு ஒப்பிட்டால் ஐந்தில் ஒன்று. ‘அரிசியும் உளுந்தும் சேர்த்து 10 டம்ளர் ஊறப்போட்டேன்’ என்றால் 8 டம்ளரும் 2 டம்ளரும். ‘அரிசி 10 டம்ளர்’ என்றால் உளுந்து இரண்டரை டம்ளர். கேள்வியில் ‘சேர்த்து’, ‘மொத்தம்’ என்ற சொல் இருக்கிறதா என்று பார்ப்பதுதான் இங்கே முழு வித்தை.

நகைக்கடையில் இதே விஷயம் பளபளவென்று கிடக்கிறது. 916 தங்கம் என்றால் 22 காரட். 24 பங்கில் 22 பங்கு தங்கம், மீதி 2 பங்கு செம்பு போன்ற பிற உலோகம். தங்கத்துக்கும் பிற உலோகத்துக்கும் உள்ள விகிதம் 22:2, சுருக்கினால் 11:1. மொத்தத்தில் தங்கத்தின் பங்கு 11/12, அதாவது ஆயிரத்தில் 916 சொச்சம். முத்திரையில் உள்ள எண் அங்கிருந்துதான் வருகிறது. ஒரு சவரன் 8 கிராம் நகையில் சுத்தத் தங்கம் 8 × 11 ÷ 12, ஏறத்தாழ 7.33 கிராம். 11:1 என்பதைப் பார்த்துவிட்டு ‘தங்கம் 11 கிராம்’ என்று எழுதிய பையன் எங்கள் வகுப்பில் உண்டு. 8 கிராம் நகைக்குள் 11 கிராம் தங்கம்! அப்படி ஒரு கடை இருந்தால் முகவரி கேட்டு நானே முதல் ஆளாகப் போய் நிற்பேன்.

பங்கு பிரிக்கும் கணக்கில் மொத்தம் தராமல் வித்தியாசம் தந்தால்?

அண்ணனும் தம்பியும் 5:3 என்று பிரித்துக்கொண்டார்கள், அண்ணனுக்கு 400 ரூபாய் அதிகம் என்றால், அந்த 400 என்பது 8 பங்கு இல்லை, 5 − 3 = 2 பங்கு. ஒரு பங்கு 200. அண்ணனுக்கு 1000, தம்பிக்கு 600. கொடுத்த தொகை எத்தனை பங்குக்குச் சமம் என்று ஒரு வரி எழுதிவிட்டால் மொத்தம், வித்தியாசம், ஒருவர் பங்கு எது தந்தாலும் வழி ஒன்றுதான்.

முதலாமவர் : இரண்டாமவர் = 2:3, இரண்டாமவர் : மூன்றாமவர் = 4:5. மூன்றையும் எப்படி இணைப்பது?

இரண்டாமவர் இரண்டு வேடத்தில் வருகிறார், ஓரிடத்தில் 3, ஓரிடத்தில் 4. இரண்டையும் 12 ஆக்குங்கள். முதல் விகிதம் 8:12, அடுத்தது 12:15. ஆக 8:12:15. 2:3:5 என்று ஒட்டவைப்பதும் 2:7:5 என்று கூட்டிவைப்பதும் தவறு. இரண்டையும் விடைத்தாளில் பார்த்திருக்கிறேன்.

கான்கிரீட் 1:2:4 என்றால் 7 கன அடி கலவை கிடைக்குமா?

நல்ல கேள்வி. கட்டட மேஸ்திரிகளிடம் கேட்டால் சிரிப்பார்கள். ஒரு பாண்டு சிமென்ட், இரண்டு பாண்டு மணல், நான்கு பாண்டு ஜல்லி என்று அளந்து போடுவது விகிதம்தான், அதில் சந்தேகமில்லை. ஆனால் ஜல்லிக்கு இடையே உள்ள சந்துகளில் மணல் புகுந்துகொள்ளும், மணலின் சந்தில் சிமென்ட் புகுந்துகொள்ளும். 7 கன அடிப் பொருளைக் கொட்டினால் 7 கன அடிக் கான்கிரீட் வராது. ஆகவே மதிப்பீடு போடும்போது, 1 கன மீட்டர் கான்கிரீட் வேண்டுமென்றால் 1.54 கன மீட்டர் உலர்ந்த பொருள் வேண்டும் என்று பொறியாளர்கள் எடுத்துக்கொள்வார்கள். 1:2:4 கலவைக்கு 1.54 ÷ 7 = 0.22 கன மீட்டர் சிமென்ட். ஒரு கன மீட்டர் சிமென்ட் 1440 கிலோ, ஆகவே சுமார் 317 கிலோ. 50 கிலோ மூட்டையில் ஆறு மூட்டைக்குக் கொஞ்சம் மேலே. பள்ளித் தேர்வில் இந்த 1.54 வராது. வீடு கட்டும்போது வரும்.

வயதுக் கணக்கில் விகிதம் ஏன் மாறிக்கொண்டே போகிறது?

வயது ஆண்டுக்கு ஒன்று என்று கூடுகிறதே தவிர மடங்காகப் பெருகுவதில்லை. கூட்டினால் விகிதம் கலையும், ஆனால் வித்தியாசம் கலையாது. அந்த வித்தியாசம்தான் பிடிமானம்.

அப்பா, மகன் வயது இப்போது 7:2, பத்தாண்டு கழித்து 9:4. வித்தியாசம் முதலில் 7 − 2 = 5 பங்கு, பிறகு 9 − 4 = 5 பங்கு. நிஜத்தில் வயது வித்தியாசம் மாறவில்லை, பங்குக் கணக்கிலும் இரண்டு இடத்திலும் 5. ஆகவே இரண்டு விகிதத்திலும் ஒரு பங்கின் அளவு ஒன்றேதான். 7 பங்கு 9 பங்கானது, அதாவது 2 பங்குதான் 10 ஆண்டு. ஒரு பங்கு 5. அப்பாவுக்கு 35, மகனுக்கு 10. சரிபார்த்தால் 45:20 = 9:4. வித்தியாசப் பங்குகள் வேறுவேறாக வந்தால் முதலில் அவற்றைச் சமமாக்கிவிட்டு இதையே செய்யுங்கள்.

பாலில் தண்ணீர் கலக்கும் கணக்கிலும் மாறாதது எது என்று தேட வேண்டும். 40 லிட்டரில் பால், தண்ணீர் 3:1. தண்ணீர் மட்டும் சேர்த்து 3:2 ஆக்க வேண்டும். பால் 30 லிட்டர் அப்படியே இருக்கும், தண்ணீர் 10 என்பது 20 ஆக வேண்டும். 10 லிட்டர் சேர்த்தால் போதும். (பால்காரரிடம் காட்ட வேண்டாம்.)

ஆள், நாள் கணக்கில் எதைப் பெருக்குவது, எதை வகுப்பது?

ஆள் இரட்டித்தால் நாள் பாதியாகும். இது எதிர் மாறல். இங்கே வகுத்தால் வருவது மாறிலி இல்லை, பெருக்கினால் வருவதுதான் மாறிலி. ஆள் × நாள். ‘இந்த வேலைக்கு எத்தனை ஆள் கூலி ஆகும்?’ என்று ஊரில் கேட்பார்களே, அதுதான் அந்த மாறிலி. 12 பேர் 10 நாளில் முடிக்கும் வேலைக்கு 120 ஆள் கூலி. 15 பேர் வந்தால் 8 நாள்.

மணி நேரம், சுவரின் நீளம் என்று இன்னும் நாலு எண்ணைச் சேர்த்து மிரட்டினாலும் கூலிக் கணக்கை விடாதீர்கள். 12 பேர் நாளுக்கு 8 மணி நேரம் வேலை செய்து 10 நாளில் 240 மீட்டர் சுவர் கட்டினார்கள். 16 பேர் நாளுக்கு 6 மணி நேரம் செய்தால் 288 மீட்டர் எத்தனை நாளில் முடியும்? முதல் குழு 12 × 8 × 10 = 960 ஆள்மணி செலவிட்டது. மீட்டருக்கு 4 ஆள்மணி. 288 மீட்டருக்கு 1152 ஆள்மணி வேண்டும். இரண்டாம் குழு நாளுக்கு 96 ஆள்மணி தருகிறது. 1152 ÷ 96 = 12 நாள். அம்புக்குறி மேலே கீழே போட்டுக் கற்ற முறை நினைவிலிருந்தால் அதையே செய்யுங்கள். எனக்கு அம்புகள் எப்போதும் குழம்பும்.

வரைபட அளவுத்திட்டக் கணக்கில் தூரம் சரியாக வருகிறது, பரப்பு மட்டும் தப்பாகிறதே?

பரப்பு நீளத்தோடு நேர் மாறலில் இல்லை, நீளத்தின் வர்க்கத்தோடு இருக்கிறது. இந்திய நில அளவைத் துறையின் 1:50,000 வரைபடத்தில் 2 செ.மீ. என்பது தரையில் 1 கி.மீ. அதில் ஓர் ஏரி 4 சதுர செ.மீ. இருந்தால் 2 சதுர கி.மீ. என்று எழுதத் தோன்றும். 1 செ.மீ. அரை கி.மீ. என்பதால் 1 சதுர செ.மீ. கால் சதுர கி.மீ., ஆகவே ஏரி 1 சதுர கி.மீ.தான். தேசியக் கொடியும் அப்படியே. நீளமும் அகலமும் எப்போதும் 3:2. 900 × 600 மி.மீ. கொடியும் 450 × 300 மி.மீ. கொடியும் அரசு அங்கீகரித்த அளவுகள். சின்னக் கொடியின் நீளம் பாதி, ஆனால் துணி கால்வாசிதான்.

1 மணி 20 நிமிடத்தை 1.20 என்று எழுதலாமா?

கூடாது. 60 கி.மீ. போக 1 மணி 20 நிமிடம் என்றால் 80 நிமிடம், வேகம் மணிக்கு 45 கி.மீ. 1.20ஆல் வகுத்தால் 50 வரும், அது தப்பு. விகிதம் எழுதும் முன் இரண்டு பக்கமும் ஒரே அலகா என்று பாருங்கள். 50 பைசாவுக்கும் 2 ரூபாய்க்கும் விகிதம் 50:2 இல்லை, 1:4.

கொள்குறி வினாக்களில் நேரம் மிச்சப்படுத்த ஏதாவது வழி?

விகித உறுப்புகளைக் கூட்டுங்கள். மாணவர், மாணவியர் 4:5 என்றால் வகுப்பின் மொத்த எண்ணிக்கை 9இன் மடங்காகத்தான் இருக்க முடியும். விடைகள் 40, 45, 48, 50 என்று இருந்தால் மற்ற தகவல்களைப் படிக்கும் முன்பே 45இல் கை வைத்துவிடலாம். விடை கண்ட பின்னும் அது நியாயமான எண்ணா என்று ஒரு பார்வை பாருங்கள். ஆள் கூடிய பிறகு நாளும் கூடியிருந்தால் எங்கோ தலைகீழாகப் போயிருக்கிறீர்கள்.

வீட்டில் பெற்றோர் எப்படிப் பழக்கலாம்?

புதிய பயிற்சிப் புத்தகம் வாங்க வேண்டியதில்லை. கடையிலிருந்து வந்ததும் பையிலிருக்கும் இரண்டு சோப்புக் கட்டிகளை எடுத்து வைத்து, சிறியதும் பெரியதும் ஒரே வீதத்தில்தான் விற்கிறார்களா என்று கேளுங்கள். எடையும் விலையும் உறையிலேயே இருக்கும். பெரும்பாலும் ஒரே வீதத்தில் இருக்காது. எது மலிவு என்று கண்டுபிடிக்கிற பிள்ளைக்கு அடுத்த முறை கடைக்குப் போகும்போது பையைக் கொடுத்து அனுப்புங்கள். எங்கள் தெருவில் ஓர் எட்டாம் வகுப்புப் பெண், பெரிய கட்டிதான் கிராமுக்கு விலை கூடுதல் என்று கடைக்காரரிடமே கணக்குப் போட்டுக் காட்டியிருக்கிறாள். அவர் விலையைக் குறைக்கவில்லை. கடலை மிட்டாய் ஒன்று கொடுத்து அனுப்பினாராம்.